அவசரக்காரன் வாங்கின மஞ்சக்கிளி

வாய்யா பேராண்டி, வா. செருப்பு டப்பாவுல ஓட்டை போட்டு, அதுக்குள்ள ஒரு சன் கோனூர் குஞ்சக் கொண்டாந்திருக்கேன்னு உங்க அப்பத்தா விடியுமுன்னே தெருப்பூரா சொல்லிட்டு வந்துட்டா. கெடாக்குட்டி வாங்குற காசக் குடுத்திருக்கியாமே. கெடான்னா கோயில் வெட்டுக்காவது ஆகும். சரி, உன் காசு, நான் கேக்கப்படாது. எங்க, மூடியத் தெற.

அடேயப்பா! கண்ணு இப்பத்தான் தெறந்திருக்கு. மேலுக்குத் துணி இல்ல. ஒடம்புல பாதி தீனிப்பைதான் தொங்குது. போன்ல மஞ்சளும் செவப்புமா தகதகன்னு ஒண்ணக் காட்டுனியே, அது எங்கடா? வளந்தாத்தான் வருமா? அது தெரிஞ்சேதான் வாங்குனியாக்கும்.

'நீங்களே கையால ஊட்டி வளத்தாத்தான் சார் ஒங்கள அம்மான்னு நெனைக்கும்'னு வித்தவன் சொன்னானாக்கும். அவன் பொழைக்கத் தெரிஞ்சவன். நாளைக்கு நாலு அஞ்சு வாட்டி கஞ்சி காய்ச்சி ஊட்டுற பாடும், செத்துப்போனா வர்ற நட்டமும் உன் தலையில. காசு மட்டும் அவன் பையில. தானாக் கொத்தித் தின்னப் பழகுன குஞ்ச வாங்கி, தெனமும் கூட உக்காந்து பேசிக் கொஞ்சி வளத்தாலும் அது தோள்ல வந்து உக்காரத்தான் செய்யும். ஆனா அப்படிச் சொன்னா அவனுக்கு இன்னும் ஒண்ணரை மாசம் தீவனச் செலவுல்ல?

வாங்கியாச்சு, இனி பேசி என்ன. ஒனக்கு அவசரமா இதக் கொல்லணும்னா வழி சொல்றேன், கேட்டுக்க. கஞ்சிப் பவுடரக் கொதிக்கிற தண்ணியில கரைச்சு, வெரல விட்டுப் பாத்து, 'சூடு சரியாத்தான் இருக்கு'ன்னு சொல்லி ஊட்டிவிட்டுரு. நீ டீக்கடையில ஆவி பறக்க உறிஞ்சுற ஆளு, ஒன் வெரலுக்குச் சூடு எங்க தெரியப்போகுது? அந்தக் கஞ்சி 39 டிகிரிக்கும் 41-க்கும் நடுவுல இருக்கணும்டா. 43-ஐத் தாண்டுச்சுன்னா தீனிப்பை உள்ளயே வெந்துபோகும். அன்னைக்கு ஒண்ணும் தெரியாது, குஞ்சு நல்லாத்தான் கத்தும். சில நாள் கழிச்சு நெஞ்சுத் தோலு கறுத்து, பொத்துக்கிட்டு, ஊட்டுன கஞ்சி அந்த ஓட்டை வழியா ஒழுகும். பாத்தா ஒனக்குச் சோறு எறங்காது. அதுக்குப் பயந்து ஆறவச்சுக் குடுத்தியோ, கஞ்சி கீழ எறங்காமப் பைக்குள்ளயே கெடந்து புளிச்சுப்போகும். மைக்ரோவேவ் அடுப்புல வச்சா ஒரு ஓரம் கொதிக்கும், ஒரு ஓரம் குளுந்து கெடக்கும். அதனால காய்ச்சல் பாக்குற கருவி ஒண்ணு தனியா வாங்கு. நாக்குக்கு அடியில வைக்கிறத எடுத்துக் கஞ்சிக்குள்ள விட்டுட்டு மறுபடி ஒன் பொஞ்சாதி வாயில வச்சுராத, அப்புறம் குடும்பம் நடக்காது.

ஏசி ரூம்புலயா வைக்கப்போற? வையி, வையி. றெக்கை மொளைக்காத குஞ்சுக்கு ஒடம்புச் சூட்டக் காப்பாத்திக்கத் தெரியாது. சூடு கொறஞ்சா தின்னதும் செரிக்காது. தாய்க்காரி அணைஞ்சு படுக்கிற காலம் இது. நீ அம்மாவாகணும்னுதான வாங்குன, அணைஞ்சு படு.

இந்தச் சாதிக்கு ஒரு கணக்கு இருக்கு பேராண்டி, அது ஒன் அவசரத்துக்கு மாறாது. முட்டை போட்டு அடைகாக்குறது 23 நாளு, முன்னப் பின்ன. பொரிக்கையில குருடு. ரெண்டு வாரம் ஆனாத்தான் கண்ணு தெறக்கும். மூணாவது வாரத்துல தோலுக்கு அடியில கறுகறுன்னு புள்ளி தெரியும், அதுதான் இறகோட முள்ளு கெளம்புற எடம். எட்டு வாரம் ஆனாத்தான் கூட்ட விட்டுப் பறக்கும். பறக்கப்போற சமயத்துல தீனியக் கொறைச்சுக்கும், எடையும் கொஞ்சம் எறங்கும். அப்பப் போயி 'தாத்தா, குஞ்சு தின்ன மாட்டேங்குது'ன்னு எனக்கு நடுராத்திரியில போனப் போடாத. வாயப் பொளந்து திணிக்கவும் செய்யாத. கஞ்சி மூச்சுக்குழாய்க்குள்ள போச்சுன்னா ரெண்டு நிமிசத்துல கதை முடிஞ்சிரும்.

அதுக்குன்னு எடையப் பாக்காம விட்டுராத. கிராம் கணக்குக் காட்டுற சின்னத் தராசு ஒண்ணு வாங்கு. தெனமும் காலையில, தீனி வைக்கிறதுக்கு முன்ன, நிறுத்து நோட்டுல எழுது. பெருசானா இது 110 கிராம் பக்கம் நிக்கும். நோக்காட்ட மறைக்கிறதுல பறவைக்கு இணை கெடையாது. சீக்காளின்னு தெரிஞ்சா வல்லூறு அதத்தான் மொதல்ல தூக்கும்னு அதுக்குத் தெரியும். அதனால தெம்பா இருக்கிறதாவே நடிக்கும். நடிப்பு ஒன் கண்ண ஏமாத்தும், தராச ஏமாத்தாது. பத்துல ஒரு பங்கு எடை கொறஞ்சா டாக்டர்கிட்ட ஓடு. கோழி டாக்டர் இல்லடா, கிளி பாக்கத் தெரிஞ்ச டாக்டர். அவரு எங்க இருக்காருன்னு சீக்கு வந்த பெறகு தேடாத, இன்னைக்கே தேடி வையி.

இப்ப இறகுக்கு வருவோம். நீ அதுக்காகத்தான காசக் கொட்டுன.

இறகு மொளைக்கிறத என்னைக்காவது கிட்ட வச்சுப் பாத்திருக்கியா? வாழக் குருத்து சுருண்டுக்கிட்டு வர்றாப்புலதான் வரும். ஒவ்வொரு இறகும் ஒரு மெல்லிசு ஒறைக்குள்ள சுருட்டி வச்சபடிக்கே தோலக் கிழிச்சுக்கிட்டு நீட்டும். உள்ள ரத்தம் ஓடும், அதான் அடியில கருநீலமாத் தெரியுது. இறகு முத்த முத்த ரத்தம் கீழ எறங்கும், மேல ஒறை காஞ்சு வெளுக்கும். அப்ப கிளி அலகால நெருடி நெருடி அந்த ஒறைய உதுத்து விரிக்கும். ஒன் சட்டை மேல வெள்ளைத் தூசி விழுந்தா அதுதான். ஒன் பொடுகு இல்ல, பயப்படாத.

ஒடம்பு பூராவும் அதே அலகால சரிபண்ணிக்கும், தலைக்கு மட்டும் எட்டாது. கூட்டமா இருந்தா சோடிக்கிளி தலையக் கோதிவிடும். இங்க நீதான் சோடி. தலையக் குனிஞ்சு, பிடரி முடியச் சிலுப்பிக்கிட்டு ஒன் கைக்கிட்ட வந்து நிக்கும். அப்ப நுனி வெளுத்த முள்ளா பாத்து, ரெண்டு வெரலுக்கு நடுவுல வச்சு பதனமா உருட்டு. கறுப்பா இருக்கிறத அமுக்குனியோ, அது வலி தாங்காம ஒரு கடி வைக்கும். வைக்கட்டும், ஒனக்கு வேணும். வால்லயோ றெக்கையிலயோ ரத்தமுள்ள முள்ளு ஒடிஞ்சு வடிஞ்சா, சோளமாவ அப்பி, சுத்தமான துணியால அமுக்கிப் பிடிச்சுக்கிட்டு டாக்டர்கிட்டப் போ. நூறு கிராம் உருப்படிக்குள்ள ரத்தம் எம்புட்டுதான் இருக்கும்?

மூணு மாசத்துல நீ என்ன சொல்லுவேன்னு எனக்கு இப்பவே தெரியும். 'தாத்தா, ஏமாத்திட்டான்! மஞ்சள்னு சொல்லிப் பச்சைய வித்துட்டான்!'னு குதிப்ப. குதிக்காத. சன் கோனூர்க் குஞ்சுக்கு முதுகும் றெக்கையும் பச்சை தூக்கலாத்தான் இருக்கும். இறகு உதுந்து உதுந்து மாறி, முழுமஞ்சள் போட ஒண்ணரை வருசம் ரெண்டு வருசம் ஆகும். அப்பவும் றெக்கை ஓரத்துல பச்சை நிக்கும், அது அதோட ஊர் அடையாளம்.

இதுக்குள்ள ஒன் சேக்காளிப் பயலுக வைத்தியம் சொல்லுவானுக. மஞ்சப்பொடியத் தண்ணியில கலக்கு, பீட்ரூட் சாறு ஊத்து, கேரட்டு குடுத்தா செவப்பு ஏறும்னு. பூநாரை வேணும்னா தின்ன தீனியிலருந்து நெறம் எடுக்கும். கிளி அப்படி இல்ல. மஞ்சளையும் செவப்பையும் இறகு மொளைக்கிற குழியிலயே சொந்தமாக் காய்ச்சிக்கும். சிட்டகோஃபுல்வின்னு அந்தச் சாயத்துக்குப் பேரு, கிளிச் சாதிய விட்டா வேற பறவைகிட்ட கெடையாது. நீலத்துக்குச் சாயமே கெடையாது தெரியுமா? இறகுக்குள்ள இருக்குற நுண்ணு நுண்ணான பொந்துல வெளிச்சம் பட்டுச் செதறுறதுதான் நீலமாத் தெரியுது. அதுக்கு மேல மஞ்சச் சாயம் படிஞ்சா நமக்குப் பச்சை. ஒன் பீட்ரூட் சாறு கிளியோட பீயத்தான் செவப்பாக்கும். அதப் பாத்து ரத்தபேதின்னு நீயே அலறுவ.

அதுக்காக, தீனிக்கும் இறகுக்கும் சம்பந்தமே இல்லன்னு நெனைச்சுராத. நெறத்த மாத்தாது, ஆனா இறகோட தரத்த மாத்தும். இறகு வளந்துக்கிட்டு இருக்கையில கிளி பட்டினி கெடந்தாலும், சீக்குல விழுந்தாலும், பயந்து நடுங்குனாலும் அன்னன்னைக்கி வளந்த எடத்துல குறுக்க ஒரு கோடு விழும். மங்கலா, மெலிஞ்சு, பிளேடால கீறுன கணக்கா இருக்கும். அந்த இறகு உதுர்ற வரைக்கும் கோடு போகாது. ஒரு றெக்கைய விரிச்சுப் பாத்தா அந்த வீட்டுக்காரன் போன ரெண்டு மாசம் எப்படி நடந்துக்கிட்டான்னு தெரிஞ்சுபோகும். நீ வரும்போதெல்லாம் நான் விரிச்சுப் பாப்பேன், சொல்லிப்புட்டேன்.

சூரியகாந்தி வெதைய ஒரு கிண்ணம் ரொப்பி வச்சுட்டு வேலைக்குப் போறதுதான் இப்ப ஊரு வழக்கம். ஒனக்கு தெனமும் மூணு வேளையும் வடையே போட்டா நீ வேண்டாம்பியா? அதுவும் வேண்டாங்காது. தின்னு தின்னு ஈரல் கொழுத்து, ஏ வைட்டமின் இல்லாம மூக்கடைச்சு, இறகு மங்கி, அலகு கோணி நிக்கும். கிளிக்குன்னு விக்கிற பெல்லட்டு பாதிக்கு மேல இருக்கட்டும். மிச்சத்துக்குக் கொல்லையில நிக்கிற முருங்கைக்கீரை, பூசணி, சக்கரவள்ளிக் கெழங்கு, மொளைகட்டுன பாசிப்பயறு. வெதைய ஆசைக்கு ரெண்டு, நீ சொன்னபடி கைக்கு வந்தா கூலியா ரெண்டு. பச்சமொளகா ஒண்ணக் குடுத்துப் பாரு, கறக்கு மொறக்குன்னு கடிச்சுட்டு ஒன்னய ஏளனமாப் பாக்கும். மொளகாக் காரம் பறவைக்கு ஒறைக்காது. வீட்டுக்கு வர்ற ஒன் மச்சினனுக்கு முன்னால பந்தயம் கட்டி ரெண்டு காசு பாத்துக்க.

குடுக்கக் கூடாதது கொஞ்சம் இருக்கு. அவகேடோன்னு ஒரு வெண்ணெய்ப் பழத்த ரொட்டியில தடவித் திங்கிறீங்களே, அது பறவைக்கு வெசம், மாரடைச்சுப் போகும். சாக்லேட்டு, காப்பி, டீ, வெங்காயம் ஆகாது. மிக்சர், முறுக்கு, உப்புக்கண்டம் எதுவும் வேண்டாம். 'பாவம் தாத்தா, நான் திங்கும்போது பாத்துக்கிட்டே இருக்கு'ன்னு சொல்லாத. நான் சுருட்டுப் பிடிக்கும்போது நீயும்தான் பாத்துக்கிட்டு இருந்த, குடுத்தேனா?

ஒன் பொஞ்சாதி தோசைக்கல்லு ஒண்ணு வச்சிருக்காளே, ஒட்டாத கல்லு, அத எங்க வச்சிருக்க? கூண்டு அடுப்படிக்குப் பக்கத்துலயா? பேஷ். அந்தக் கல்ல அடுப்புல வச்சுட்டு அவ போன் பேசப் போயிட்டா, வெறுங்கல்லு 280 டிகிரியத் தாண்டும்போது மேல பூசியிருக்கிற டெஃப்லான் ஆவியாகும். மனுசனுக்கு மூக்குலகூட ஏறாது. கிளிக்கு அஞ்சு பத்து நிமிசம் போதும். பறவைக்கு நுரையீரலோட ஒம்பது காத்துப்பை இருக்கு. மூச்ச இழுக்கும்போதும் விடும்போதும் புதுக்காத்து உள்ள ஓடிக்கிட்டே இருக்கும். பறக்க அது வரம், வெசக்காத்துக்கு அதுவே சாபம். அந்தக் காலத்துல சுரங்கத்துக்குள்ள கேனரிக் குருவியக் கொண்டுபோனது சும்மாவா? ஒனக்கு இரும்புக்கல்லு நான் தர்றேன், உங்க அப்பத்தா சீதனமாக் கொண்டாந்தது, இன்னும் கல்லு மாதிரி இருக்கு. கொசுவத்தி, ஊதுவத்தி, வாசனைத் தெளிப்பு, ஆயுதபூசை சாம்பிராணி, எல்லாத்துக்கும் அந்த ரூம்புக்குள்ள தடை. சாமி கோவிச்சுக்காது.

சீலிங் ஃபேன மறந்துட்டேன் பாரு. வெளிநாட்டுக்காரன் எழுதி வச்ச கிளி வளர்ப்புக் குறிப்புல இது பெருசா இருக்காது. நம்ம வீட்டுலதான் உச்சந்தலைக்கு மேல மூணு கத்தி சுத்துது. கூண்டத் தெறக்குறதுக்கு முன்ன ஃபேன அணைச்சு, சுவிச்சு மேல ஒரு பிளாஸ்திரி ஒட்டு. 'அதுக்கு றெக்கைய வெட்டிட்டாப் போச்சு'ன்னு கடைக்காரன் சொல்லுவான். அவன் கையில எப்பவும் கத்திரி இருக்கும். குஞ்சு பறந்து, சுவத்துல மோதி, திரைச்சீலையில தொங்கி, எறங்குற வித்தையக் கத்துக்கிற பருவத்துல வெட்டுனா, அது பறக்கவும் கத்துக்காது, விழவும் கத்துக்காது. தொப்புனு விழுந்து நெஞ்சு எலும்பப் பொளந்துக்கும். அப்படியே வெட்டுனாலும் அடுத்த இறகு உதுர்ப்புல புதுசு மொளைச்சிரும். 'இதுதான் பறக்காதே'ன்னு நீ வாசல்ல நின்னு ஜம்பம் பேசுற அன்னைக்கு, அது மாமரத்து உச்சியில ஒக்காந்து ஒனக்குக் கும்பிடு போடும்.

பேசுமான்னு கேக்க வர்ற. பேசும், ரெண்டு மூணு வார்த்தை, அதுவும் தண்டட்டிக் கெழவி பல்லு இல்லாமப் பேசுற தொனியில. ஆனா கத்தும். சன் கோனூரு மலையடிவாரத்துக் காட்டுல கூட்டங் கூட்டமாத் திரியிற சாதி. தெக்கமெரிக்காவுல கயானாவும் பிரேசிலு வடக்கு ஓரத்து ரொரைமாவும்தான் அதுக்குச் சொந்த ஊரு. வெள்ளக்காரன் காலத்துல நம்ம சனத்தையும் கப்பலேத்திக் கரும்பு வெட்ட அனுப்புன அதே கயானாதான். அங்கருந்து கிளியக் கப்பலேத்தி ஏத்தியே காட்டுல அருகிப்போச்சு. அழியப்போற பட்டியல்ல வச்சிருக்காங்க. ஒன் டப்பாவுல இருக்கிறது கூண்டுலயே பொரிச்ச வம்சம்தான், ஆனா தொண்டை மட்டும் காட்டுத் தொண்டை. ஒரு மைலுக்கு அங்கிட்டு நிக்கிற சோடிக்குக் கேக்கணும்னு படைச்ச கொரலு, அது ஒன் அபார்ட்மெண்டு நாலாவது மாடியில ஒலிக்கப்போகுது. 'ஏய், சும்மா இரு'ன்னு நீ பதிலுக்குக் கத்துனா, 'ஆகா, நம்மாளு பாட்டுல சேந்துக்கிட்டான்'னு அது இன்னும் ஒரு கட்டை ஏத்தும். மெல்ல சீட்டி அடிச்சு இருக்கிற எடத்தக் காட்டு, அடங்கும். ராத்திரி பத்து பன்னெண்டு மணி நேரம் இருட்டும் நிசப்தமும் குடு. ஒன் டிவியில நாடகக்காரி அழுது முடிக்கிற வரைக்கும் அத முழிக்க வச்சா, காலையில அது ஒன்னய அழவைக்கும்.

நல்லாப் பேசுற நம்மூருப் பச்சைக்கிளியவே வளக்கலாம்னு மட்டும் நெனைச்சுராத. 1972-ஆம் வருசத்து வன உயிரினச் சட்டம் அதக் கூண்டுல அடைக்க விடாது. அதுக்குத்தான் எல்லாரும் வெளிநாட்டுக் கிளிப் பக்கம் சாஞ்சது. இதுக்கும் 2024-லருந்து பதிவு உண்டு, பரிவேஷ்னு அரசாங்கத் தளத்துல. வித்தவன்கிட்ட ரசீது வாங்குனியா? இல்ல? ஆதார் அட்டை இல்லாத பேரன் ஒருத்தன் பொறந்துட்டான் எனக்கு.

இப்ப சிரிக்காமக் கேளு. நீ காலையில ஒம்பதுக்குக் கெளம்புனா ராத்திரி ஒம்பதுக்கு வர்ற. இந்தச் சாதி தனியா இருக்கத் தெரியாத சாதி. அமெரிக்காவுல கரோலினாக் கிளின்னு இதுக்குச் சொந்தக்காரச் சாதி ஒண்ணு இருந்துச்சு. ஒண்ணு குண்டடி பட்டு விழுந்தா, மத்ததெல்லாம் ஓடாம அதையே சுத்திச் சுத்தி வரும். வேட்டைக்காரனுக்கு அது தோதாப் போச்சு, கூட்டத்தையே அள்ளிட்டான். கூண்டுல இருந்ததுல கடைசி ஒண்ணு, இன்காஸ்னு பேரு, சின்சினாட்டி மிருகக்காட்சி சாலையில 1918 பிப்ரவரி 21-ல செத்துச்சு. அதோட சோடி போயி சில மாசந்தான் ஆகியிருந்துச்சு. அந்த ரத்தம்தான் இதுக்குள்ளயும் ஓடுது. இதப் பன்னெண்டு மணி நேரம் நாலு சுவத்துக்குள்ள போட்டா, பொழுது போகாம தன் இறகத் தானே பிடுங்க ஆரம்பிக்கும். நெஞ்சும் தொடையும் மொட்டையாகி, தலை மட்டும் பளபளன்னு இருந்தா அது தானாப் பிடுங்குறது, தலைக்குத்தான் அலகு எட்டாதே. தலையும் மொட்டைன்னா கூட இருக்கிற கிளியோட வேலை, இல்லாட்டி சீக்கு. அலகையும் இறகையும் அரிக்கிற வைரஸ் ஒண்ணு இருக்கு, மொதல்ல அத டாக்டர்கிட்டச் சோதிச்சுக்க. பிடுங்கிப் பிடுங்கி இறகுக்குழி செத்துப்போச்சுன்னா அப்புறம் ஏழு ஊரு வைத்தியம் பாத்தாலும் அந்த எடத்துல மொளைக்காது. என் தலையப் பாத்துத் தெரிஞ்சுக்க.

அதுக்குப் பொழுது போகணும்னா பனையோலைய முடைஞ்சு தொங்கவிடு, கிழிச்சுக்கிட்டுக் கெடக்கும். கொய்யாக் கெளைய வெட்டி உக்கார வையி, கடைக்காரன் குடுத்த வழுவழுக் குச்சியில கால் புண்ணாகும். தீனியக் கிண்ணத்துல வைக்காம காயிதத்துக்குள்ள பொதிஞ்சு வையி, தேடித் திங்கட்டும். முற்பகல்ல அகலத் தட்டுல தண்ணி வையி, குளிச்சு வீட்டையே நனைக்கும், இறகு மினுங்கும். கூண்டு ரெண்டடிக்கு ரெண்டடிக்குக் கொறையாம இருக்கட்டும். கம்பி எடைவெளியில தலை மாட்டாமப் பாத்துக்க.

இது 20 வருசம், நல்லாப் பாத்தா 30 வருசம்கூட இருக்கும்டா. ஒன் மகன் காலேசு முடிக்கையிலயும் இது கத்தும். நடுவுல கம்பெனிக்காரன் ஒன்னய ஜெர்மனிக்கோ எங்கயோ அனுப்புவான். அன்னைக்கு இந்தக் கூண்டத் தூக்கிக்கிட்டு 'தாத்தா, ஒரே ஒரு வருசம்'னு இந்தத் திண்ணைக்குத்தான் வருவ, எனக்குத் தெரியாதா? கொண்டா. தராசு, எடை எழுதுன நோட்டு, டாக்டர் நம்பரு, ஆறு மாசத் தீவனம் நாலும் சேந்து வரணும். குடிக்கூலி மாசத்துக்கு ஒரு கட்டுச் சுருட்டு. அத வெளித்திண்ணையில ஒக்காந்துதான் பிடிப்பேன், கிளிக்கு ஆகாது. முன்பணம் இப்பவே வையி.